மூலை மந்திரி

தம்பி கள்ள ஆட்டம் ஆடினான் என்ற செய்தியை அவளுக்குக் கொண்டுவந்தது கட்டிய கணவர்தான். அதுவும் ரெக்சினுக்குள் ஊசி பாதி இறங்கியிருந்த நேரம். பேருந்து இருக்கைகளுக்கு உறை தைப்பது அவள் தொழில். ரெக்சின் மற்றத் துணி மாதிரி இல்லை. பாதியில் நிறுத்திவிட்டுத் திரும்பத் தொடங்கினால் ஓட்டை பெரிதாகும், நாலு பேர் உட்கார்ந்து எழுந்ததும் அந்த இடத்திலேயே கிழியும். அதனால் அவள் தலையைத் தூக்காமல், மெஷினை மிதித்துக்கொண்டே காதை மட்டும் கொடுத்தாள்.

"உன் தம்பி இருக்கானே, உன் தம்பி..."

"என் தம்பிக்கு என்ன?"

"திருட்டுப் பய."

தையல் முனைவரை போய்ச் சேர்ந்த பிறகு நிமிர்ந்தாள். மழையில் நனைந்த காக்கிச் சட்டையோடு பேருந்து ஓட்டுநரான அவள் கணவர் வாசலில் நின்றார். முகத்தில் எள்ளும் கொள்ளும் வெடித்தது.

"என்னத்தைத் திருடினான்? டயரையா?"

"கிண்டல் பண்ணாத. ஆட்டத்துக்கு நடுவுல மந்திரியைக் கொண்டுவந்து வெச்சுட்டான். நான் பார்க்காத நேரமாப் பார்த்து."

டிப்போவில் வருஷா வருஷம் சதுரங்கப் போட்டி நடக்கும். ஓட்டுநர்கள், நடத்துநர்கள், பட்டறை ஆட்கள் என்று யார் வேண்டுமானாலும் ஆடலாம். கடைசி ஆட்டத்துக்கு வந்து சேருவது மட்டும் பெரும்பாலும் இந்த மாமனும் மச்சானும்தான். இவர் ஓட்டுகிற பேருந்துகளை அவன் பட்டறையில் பழுது பார்க்கிறான். ஆட்டத்தில் யார் ஜெயித்தாலும் அன்று இரண்டு பேரும் சேர்ந்துதான் வீட்டுக்கு வருவார்கள். சாப்பிடும்போது தட்டுக்குப் பக்கத்தில் உப்பையும் டம்ளரையும் நகர்த்திக் காட்டி, "இங்க வெச்சிருந்தா நீ காலி" என்று மறுபடியும் ஆடித் தீர்ப்பார்கள். இந்த வருஷம் ஒருவர்தான் வந்திருக்கிறார்.

"எல்லாரும் சுத்தி நின்னு பார்த்துட்டு இருந்திருப்பாங்களே. அத்தனை பேர் கண்ணுல மண்ணைத் தூவிட்டு எப்படி வெச்சான்?"

"எல்லாரும் எங்க பார்த்தாங்க? பாதிப் பேர் மழையை வேடிக்கை பார்த்துட்டு இருந்தாங்க, பாதிப் பேர் டீ குடிச்சிட்டு இருந்தாங்க. நான் ராஜாவைக் கையில எடுக்கிற வரைக்கும் அந்த மூலையில ஒண்ணும் இல்ல. சத்தியமாச் சொல்றேன், ஒண்ணுமே இல்ல."

நடந்தது இதுதான். ஓட்டுநரின் ராஜாவுக்குக் காலடியில் நின்ற சிப்பாயை வெட்டிவிட்டுத் தம்பியின் ராணி அங்கே வந்து உட்கார்ந்தது. ராணியைத் தூக்கிக் கொடுக்கிறான் பைத்தியக்காரன் என்று இவர் ராஜாவாலேயே அதை வெட்டிவிட்டு, கூட்டத்தைப் பார்த்துச் சிரித்திருக்கிறார். தம்பி சிரிக்கவில்லை. "மாமா, அது முடியாது. என் மந்திரி காவல் இருக்கு" என்றான். வெட்டுப்படுகிற கட்டத்துக்கு ராஜா போகக் கூடாது என்பது சதுரங்கத்தில் அரிச்சுவடி. பலகையின் அந்தக் கோடியிலிருந்து இந்தக் கோடிவரை குறுக்காக ஒரு வழி திறந்து கிடந்தது. அதன் மறுமுனையில் தம்பியின் கறுப்பு மந்திரி உட்கார்ந்திருந்தது. ஆட்டம் முடிந்தது. ஓட்டுநர் எழுந்து பலகையைத் தட்டிவிட்டார். காய்கள் டீக்கடை பெஞ்சுக்கு அடியில் எல்லாம் உருண்டன.

அவளுக்குச் சதுரங்கம் தெரியும். வீட்டில் இருந்தது ஒரே பலகை, அதில் அக்காவும் தம்பியும் சண்டை போட்டே வளர்ந்தார்கள். கல்யாணம் ஆன புதிதில் கணவரோடும் மூன்று முறை ஆடினாள், மூன்றிலும் ஜெயித்தாள். அதன் பிறகு ஒரு வாரம் அவருக்குச் சோற்றில் உப்பில்லை, சட்டையில் கஞ்சி சரியில்லை. குடும்பம் நடக்க வேண்டுமே என்று அவள் சதுரங்கத்துக்கு முழுக்குப் போட்டுவிட்டாள்.

தம்பியைப் பற்றியும் அவளுக்குத் தெரியும். சின்ன வயதில் அவன் சுத்தமான ஆட்டக்காரன் இல்லை. தோற்கப்போகிறான் என்றால் செத்த சிப்பாய் ஒன்று உயிர் பிழைத்துப் பலகைக்குத் திரும்பும். ஒருமுறை அவளுடைய ராணியையே டவுசர் பையில் போட்டுக்கொண்டு, "உனக்கு ராணியே இல்லையேக்கா" என்று முழித்தவன். அதனால் கணவர் சொன்னதை அவளால் ஒரேயடியாகத் தள்ளவும் முடியவில்லை.

"நான் அவனைக் கேட்கறேன்" என்றாள்.

"கேட்க வேண்டாம். இந்த வீட்டு வாசப்படியை அவன் மிதிக்க வேண்டாம்."

டிப்போவில் இது அதற்குள் பற்றிக்கொண்டு எரிந்தது. யாருக்கு எந்த வண்டி என்று பிரித்துக் கொடுக்கும் அதிகாரிக்கு அங்கே ரேடியோ என்று பெயர். திறந்தால் மூடத் தெரியாத வாய். சதுரங்கச் சரித்திரம் முழுவதும் அவருக்கு அத்துபடி. "இதெல்லாம் புதுசா என்ன?" என்று ஓய்வறையில் கூட்டம் கூட்டிச் சொன்னாராம். "பிஷர் ஆடின உலகப் போட்டியில நாற்காலியை எக்ஸ்ரே எடுத்துப் பார்த்தாங்க. விளக்கைக் கழட்டிப் பார்த்தாங்க. உள்ள என்ன இருந்துச்சு தெரியுமா? ரெண்டு செத்த ஈ! இன்னொரு சாம்பியன் கார்ப்போவுக்கு ஆட்டத்துக்கு நடுவுல ஒரு கப் தயிர் கொடுத்தாங்க. அது ரகசியத் தகவல்னு எதிராளி ஆளுங்க புகார் எழுதிக் கொடுத்துட்டாங்க. விசாரணை முடியற வரைக்கும் நம்ம போட்டிக்கும் முடிவு இல்ல."

இவ்வளவையும் சொன்னவர் தன் பங்குக்கு வேடிக்கையாகத்தான் சொன்னார். ஆனால் மறுநாளிலிருந்து தம்பிக்குத் தயிர் என்று பெயர் விழுந்துவிட்டது. வண்டிக்கு அடியில் படுத்திருப்பவனைக் கூப்பிட, "தயிரு, ஒம்பதாம் நம்பர் ஸ்பேனர் எடு, கையில மறைச்சுக்காத" என்றார்கள்.

தம்பி வீட்டுக்கு வரவில்லை. வழக்கமாகக் கிழிந்த உறைகளைக் கொண்டுவருவதும் தைத்ததை எடுத்துப் போவதும் அவன்தான். தைத்த உறைகள் மெஷினுக்குப் பக்கத்தில் அடுக்கடுக்காக ஏறி, கடைசியில் அவள் உட்கார இடமில்லாமல் போயிற்று. ஒரு மத்தியானம் அவற்றைச் சாக்கில் கட்டி எடுத்துக்கொண்டு அவளே கிளம்பினாள்.

பட்டறையில் தரையெல்லாம் டீசலும் மழைத்தண்ணீரும் கலந்து வழுக்கியது. தகரக் கூரையில் மழை கொட்டுகிற சத்தத்தில் ஆளுக்கு ஆள் கத்தித்தான் பேசினார்கள். தம்பி பள்ளத்துக்குள் நின்று தலைக்கு மேலிருந்த பேருந்தின் வயிற்றைக் குடைந்துகொண்டிருந்தான். அக்காவைப் பார்த்ததும் மேலே ஏறி வந்தான். கண்ணைப் பார்க்கவில்லை.

"நீ எதுக்குக்கா சுமந்துட்டு வர்ற? யார்கிட்டயாவது கொடுத்துவிட்டிருக்கலாமே."

"உறையைக் கொடுக்க மட்டும் வரல. நேராக் கேட்கறேன், நேராச் சொல்லு. அன்னைக்கு மந்திரியை நடுவுல வெச்சியா?"

"நீயுமா?"

"டவுசர் பையில ராணியைப் போட்டுக்கிட்டவன்தானே நீ."

"அப்ப எனக்கு எட்டு வயசுக்கா! இப்ப எனக்கே ரெண்டு பிள்ளைங்க. அதுங்க ஸ்கூல்ல கூட யாரோ தயிர்ப் புள்ளைன்னு கூப்பிட்டிருக்கான்."

அவன் குரல் உடைந்தது. ஆனாலும் அவள் விடவில்லை. "சரி, ஆடிக் காட்டு" என்றாள்.

கவிழ்த்துப் போட்ட எண்ணெய் டின்மேல் சுண்ணக்கட்டியால் கட்டம் போட்டான். நட்டும் போல்ட்டும் காய்களாயின. ஓட்டுநர் வெள்ளை, இவன் கறுப்பு. முதல் நகர்த்தலிலிருந்து ஒன்றுவிடாமல் வைத்துக்கொண்டே வந்தான். தம்பிக்குத் தெரிந்த தொடக்கம் ஒன்றே ஒன்றுதான். குதிரைக்கு முன்னால் இருக்கும் சிப்பாயை ஒரு கட்டம் தள்ளி, அந்த ஓட்டையில் மந்திரியைக் கொண்டுபோய் ஒளித்து உட்காரவைப்பான். இத்தாலிக்காரர்கள் அதற்கு வாயில் நுழையாத பெயர் ஒன்று வைத்திருப்பதாக ரேடியோ சொல்வார். டிப்போவில் அது மூலை மந்திரி.

"பாரு. மூணாவது நகர்த்தல்லயே மந்திரி இங்க வந்துடுச்சு. அதுக்கப்புறம் நான் அதைத் தொடவே இல்ல. மாமாவோட குதிரை நடுவுல நின்னு வழியை மறைச்சிட்டு இருந்துச்சு. அவரே அதைத் தூக்கிட்டுப் போனாரு. வழி திறந்ததும் நான் ராணியை இறக்கினேன். அவ்வளவுதான்."

அவள் டின்னையே பார்த்தாள். பொய் சொல்கிறவன் ஆட்டத்தை இப்படிக் கோர்வையாகத் திருப்பி வைக்க முடியாது. ஒரு காயை நடுவில் நுழைத்திருந்தால் ஏதாவது ஓரிடத்தில் இடிக்கும். இதில் எங்கும் இடிக்கவில்லை.

"எத்தனை வருஷமா நீ இதையே ஆடற. அவர் முதல்ல பார்க்கிறதே அந்த மூலையைத்தானே."

"அதான்க்கா எனக்கும் விளங்கல."

சொல்லிவிட்டு எதையோ மென்று விழுங்கினான். கையிலிருந்த ஸ்பேனரைக் கழிவுத் துணியால் துடைத்தான். துடைத்ததையே மறுபடி துடைத்தான்.

"என்னடா?"

"ஒண்ணும் இல்ல."

"ஒண்ணும் இல்லாததுக்கா அந்த ஸ்பேனரைத் தோல் உரியறவரைக்கும் துடைக்கிற?"

சுற்றுமுற்றும் பார்த்துவிட்டுக் கிட்டே வந்தான். "மாமா வண்டிக்கு ரெண்டு தடவை சைடு கண்ணாடி மாத்தினேன். ரெண்டும் இடது பக்கம். மரக்கிளை அடிச்சிடுச்சுன்னாரு. அப்புறம் இடது பக்கத் தகரம் நீளமா உரசியிருந்துச்சு. காதும் காதும் வெச்ச மாதிரி முடிச்சுடு மச்சான்னாரு. நானும் பெயிண்ட் அடிச்சு மறைச்சேன். மனசு கேட்கல. இன்னொரு தடவை இப்படி வந்தா ரேடியோகிட்ட சொல்லிடுவேன் மாமான்னேன்."

"எப்பச் சொன்ன?"

"ஆட்டத்துக்கு முந்தின நாள்."

மழை இன்னும் பலமாகக் கொட்டியது.

"இப்பப் போய்ச் சொல்லேன்."

"இப்பச் சொன்னா யாருக்கா நம்புவா? மாட்டிக்கிட்ட ஆத்திரத்துல அவர் மேல பழி போடறான்னுதான் சொல்வாங்க."

வீட்டுக்குத் திரும்பும் வழியெல்லாம் அவளுக்கு அதே நினைப்பு. இந்த மனுஷன் நிஜமாகவே மந்திரியைப் பார்க்கவில்லையா? இல்லை, வாய் திறக்கப்போகிறவனை முந்திக்கொண்டு அவன் வாயைச் செல்லாக்காசு ஆக்கிவிட்டாரா? இத்தனை வருஷம் ஒரே கூரைக்குக் கீழே இருந்தவரை இப்படி நினைக்கிறோமே என்று வெட்கமாகவும் இருந்தது. வெட்கப்பட்டால் சந்தேகம் போய்விடுமா? அது பாட்டுக்கு உள்ளே அரித்துக்கொண்டிருந்தது.

அன்றிலிருந்து கண்ணில் விளக்கெண்ணெய் விட்டுக்கொண்டு அவரைக் கவனித்தாள். சாப்பிட்டு எழுந்தால் தட்டின் இடது ஓரத்தில் கீரை அப்படியே இருந்தது. கீரை பிடிக்கவில்லை போலிருக்கிறது என்றுதான் இத்தனை நாளும் எடுத்துக் கொட்டியிருக்கிறாள். இப்போது ஒன்றும் பேசாமல் தட்டை மட்டும் சுற்றி வைத்தாள். "இன்னும் இருந்துச்சா?" என்று அவர் அதையும் வழித்துச் சாப்பிட்டார். உள்ளறைக்குப் போகும்போது இடது தோள் கதவில் இடித்தது. "இந்தக் கதவை யார் நகர்த்தி வெச்சது?" என்று கதவைத் திட்டினார். கோடையில் ஒருநாள் மண்டை பிளக்கிற தலைவலி என்று வாந்தி எடுத்துப் படுத்துக் கிடந்ததும், மறுநாள் வெயில் சூடுதான் என்று சொல்லி வேலைக்குப் போனதும் அவளுக்கு நினைவுக்கு வந்தது.

ஞாயிற்றுக்கிழமை சாப்பாட்டுக்குப் பின் பழைய பலகையை எடுத்துத் தூசி தட்டினாள்.

"வாங்க, ஒரு ஆட்டம் போடலாம்."

"என்ன திடீர்னு? என்னைத் தோற்கடிச்சு ரொம்ப நாளாச்சுன்னா?"

"தம்பி வர்றதில்ல. உங்களுக்கும் கை அரிக்குமே."

அந்தப் பேச்சில் அவர் முகம் சுருங்கியது. இருந்தாலும் நாற்காலியை இழுத்துப் போட்டார். அவருக்கு வெள்ளை, அவளுக்குக் கறுப்பு. கொஞ்ச நேரம் ஒழுங்காகத்தான் ஆடினாள். பிறகு தன் யானை ஒன்றைக் கொண்டுபோய் அவருடைய இடது ஓரத்தில், கேட்பாரில்லாமல் நிறுத்தினாள். ஓசியில் கிடைத்தால் சிப்பாயைக்கூட விடாத மனுஷன் அதைத் தொடவில்லை. பொறி என்று நினைக்கிறாரோ? இருக்கலாம். சதுரங்கம் ஆடுகிறவனுக்குச் சும்மா கிடைப்பதில்தான் சந்தேகம் அதிகம். அடுத்ததாகத் தன் ராணியையே அதே ஓரத்துக்குத் தள்ளினாள். அவருடைய மந்திரி ஒரே இழுப்பில் அள்ளியிருக்கலாம். அவர் தாடையைத் தடவிக்கொண்டு நடுவிலிருந்த சிப்பாயை ஒரு கட்டம் தள்ளினார்.

அவள் ஒரு குதிரையை எடுத்து அவருக்கு வலது பக்கம் வெட்டுப்படும்படி வைத்தாள். வைத்த விரலை எடுப்பதற்குள் அவர் அதைத் தூக்கிவிட்டார்.

"என்ன ஆட்டம் ஆடற? குதிரையைச் சும்மா கொடுக்கிற. கண்ணு தெரியலயா உனக்கு?"

அவள் விரலால் இடது ஓரத்தைத் தொட்டுக் காட்டினாள். "இந்த ராணியை ஏன் வெட்டல?"

அவர் தலை திரும்பியது. ராணி நின்ற கட்டத்தைப் பார்த்தார். கொஞ்சம் அதிக நேரமே பார்த்தார்.

"பொறின்னு நினைச்சேன்."

"சரி. இன்னொரு ஆட்டம்."

காய்களை அடுக்கினாள். அடுக்கி முடிப்பதற்குள் அவர் தன் நாற்காலியை மெதுவாக இடது பக்கம் தள்ளிக்கொண்டார். இன்னும் கொஞ்சம். இப்போது பலகை முழுவதும் அவருக்கு வலது கைப் பக்கமாக வந்துவிட்டது.

"ஏன் தள்ளி உட்கார்றீங்க?"

"ஜன்னல் வெளிச்சம் கண்ணுல அடிக்குது."

வெளியே வானம் கருகருவென்று மூடிக் கிடந்தது. வீட்டுக்குள் விளக்குப் போடலாமா என்று யோசிக்கிற அளவுக்கு இருட்டு. அவள் கையிலிருந்த காயைக் கீழே வைத்தாள்.

"எப்பத்திலிருந்து தெரியும் உங்களுக்கு?"

"என்ன தெரியும்?"

"தெரியாதவர் நாற்காலியைத் தள்ளிப் போட மாட்டார்."

"உனக்கு என்ன பைத்தியமா? கண்ணு நல்லாத்தான் இருக்கு. எழுத்துப் பலகையில கடைசி வரி வரைக்கும் படிச்சேன். கண் டாக்டரே பரவால்லன்னுட்டார்."

"கண்ணு நல்லாருக்கிறவர் எதுக்கு வீட்டுக்குத் தெரியாம டாக்டர்கிட்டப் போய் எழுத்துப் பலகை படிச்சீங்க?"

குட்டு வெளிப்பட்டுவிட்டது. அவர் பேசியபோது அது கோபக்காரரின் குரலாக இல்லை.

"எழுத்தெல்லாம் தெரியுது. நேரா எதைப் பார்த்தாலும் பளிச்சுனு தெரியுது. இந்தப் பக்கம்தான்... இருட்டா இருந்தாக்கூடப் பரவால்ல, இருட்டுனு தெரியும். இது இருட்டு இல்ல. ஒண்ணுமே இல்ல. இல்லாததை நான் எப்படிக் கண்டுபிடிக்கிறது? ரோடு காலியாத்தான் இருக்கும். திடீர்னு அங்கேயிருந்து ஒரு சைக்கிள்காரன் முளைப்பான்."

அவளுக்கு அழுகை வந்தது, கூடவே ஆத்திரமும் வந்தது. எதை முதலில் விடுவது என்று தெரியாமல் பலகையின் ஓரத்தைப் பிடித்துக்கொண்டாள்.

"ஒண்ணே ஒண்ணு கேட்கறேன். அன்னைக்கு என் தம்பியைத் திருடன்னு சொன்னப்ப உங்களுக்கு இது தெரியுமா, தெரியாதா?"

"சந்தேகம் இருந்துச்சு."

"தெரியுமா, தெரியாதா?"

"கண்ணாடி உடைஞ்சதுலேருந்து சந்தேகம். மந்திரியை அங்க பார்த்ததும் குலை நடுங்கிப் போச்சு. நீதான் வெச்ச, திருடான்னு வாய்ல வந்துடுச்சு. வந்ததும் ஒரு நிம்மதி வந்துச்சு பாரு... அவன் திருடினான்னா என் கண்ணு சரியா இருக்குன்னுதானே அர்த்தம்? அதையே பிடிச்சுக்கிட்டேன். விட்டா நான் வண்டியை விடணும்."

"அதுக்காக அவனைத் தயிராக்கிட்டீங்க. அவன் பிள்ளைங்களையும் சேர்த்து."

அவர் ஒரு சிப்பாயை எடுத்து அதன் கட்டத்துக்குள் சரியாக நிறுத்தினார்.

"நாளைக்கு எந்த வண்டி உங்களுக்கு?"

"ஸ்கூல் வண்டி."

அந்தச் சொல் இருவருக்கும் நடுவில் கிடந்தது. அவர்தான் அவசரமாக மூடப் பார்த்தார். "தலையைத் திருப்பித் திருப்பிப் பார்த்துத்தான் ஓட்டறேன். இப்பப் பழகிடுச்சு. ஒண்ணும் ஆகாது."

"ராணியைப் பார்த்தீங்களா?"

"இது விளையாட்டு. வண்டின்னா கவனமா இருப்பேன்ல."

"நீங்க விளையாட்டுல கவனம் இல்லாத ஆளா? மூணு ஆட்டம் தோத்ததுக்கு ஒரு வாரம் சோத்துல உப்பில்லன்னு மூஞ்சியைத் தூக்கின ஆளு நீங்க."

அவர் லேசாகச் சிரித்தார். சிரிப்பு பாதியில் கோணியது. "வண்டி இல்லன்னா நான் யாரு சொல்லு. டிப்போவுல போய் என்னன்னு நிப்பேன்?"

"அதை அப்புறம் பேசலாம். ரேடியோகிட்ட நீங்க சொல்றீங்களா, நான் சொல்லட்டுமா?"

"நானே சொல்றேன். நாளைக்குக் காலையில போனதும் சொல்றேன். சத்தியமா."

சத்தியம் என்ற சொல்லை அந்த மாதத்தில் அவர் வாயிலிருந்து அவள் ஏற்கெனவே ஒருமுறை கேட்டிருந்தாள்.

காலையில் டீயைப் பாதியிலேயே வைத்துவிட்டுக் கிளம்பினார். தூறல் விடவில்லை. சொல்லிவிடுவார் என்று தன்னையே சமாதானப்படுத்திக்கொண்டு அவள் மெஷினில் உட்கார்ந்தாள். ஒரு தையல்கூட நேராக விழவில்லை. மடிப்பின் தடித்த இடத்தில் இடித்து ஊசி முறிந்தது. முறிந்த ஊசியை மாட்டாமல், வீட்டைப் பூட்டிக்கொண்டு ஓட்டமும் நடையுமாக டிப்போவுக்குப் போனாள்.

ஓய்வறையிலிருந்து ரேடியோவின் குரல் வழக்கம்போலக் கணீரென்று கேட்டது. யாரோ ஒரு பழைய சாம்பியன் கண்ணைக் கட்டிக்கொண்டு ஒரே நேரத்தில் பல பேரோடு ஆடிய கதை. உள்ளே இருந்தவர்கள் சிரித்தார்கள். அவர் எதையாவது சொல்லியிருந்தால் அங்கே இந்தச் சிரிப்பு இருக்காது. முற்றத்தில் அவருடைய பேருந்து புறப்படத் தயாராக உறுமிக்கொண்டிருந்தது. அவர் ஸ்டியரிங்குக்குப் பின்னால் உட்கார்ந்திருந்தார்.

அவள் நேராக நடந்து பேருந்தின் இடது முன்மூலைக்குப் போய் நின்றாள். முன்கண்ணாடிக்கு அந்தப் பக்கம் அவர் முகம் தெளிவாகத் தெரிந்தது. தன்னைப் பார்த்ததும் இறங்கி வருவார், இங்கேயே வைத்துக் கேட்டுவிடலாம் என்றுதான் நினைத்தாள். அவர் வலது பக்கக் கண்ணாடியைப் பார்த்தார். பிறகு சொன்னபடியே, கவனமாக, இடது பக்கம் தலையைத் திருப்பினார். தலை பாதி வழி வந்து நின்றது. அதற்கு மேல் பார்க்க ஒன்றும் இல்லை என்று அவருக்குத் தோன்றியிருக்க வேண்டும். திரும்பவும் நேராகப் பார்த்து பிரேக்கை விட்டார்.

பேருந்து நகர்ந்தது. கத்த வேண்டும் என்று அவளுக்குத் தெரிந்தது, ஆனால் குரல் வரவில்லை, காலும் நகரவில்லை. ஏழு ஜென்மப் பகையாளியைக்கூட மனுஷன் இப்படிப் பார்க்காமல் போக மாட்டான் என்று மட்டும் மனதில் ஓடியது. முன்தகரம் வந்து அவள் உள்ளங்கையில் முட்டியது. பட்டறைப் பக்கமிருந்து பேட்டரியைத் தூக்கிக்கொண்டு வந்த தம்பி அதை அப்படியே போட்டுவிட்டு ஓடிவந்தான். பேருந்தின் பக்கவாட்டில் இரண்டு கையாலும் ஓங்கி ஓங்கி அறைந்தான்.

பேருந்து குலுங்கி நின்றது.

"யாருய்யா அது வண்டியைத் தட்டறது?" ஓட்டுநர் வலது பக்க ஜன்னல் வழியாகத் தலையை நீட்டிப் பின்னால் பார்த்தார்.

"நான்தான்" என்றாள் அவள்.

குரல் எங்கிருந்து வந்தது என்று அவருக்குப் பிடிபடவில்லை. முன்னால் தேடினார். வலது பக்கம் தேடினார். அப்புறம்தான் தலை இடது பக்கம் திரும்பியது. வழக்கமாக நிற்கிற இடத்தையும் தாண்டித் தோளோடு சேர்ந்து திரும்பியது. நனைந்த தலையோடு, பேருந்தின் தகரத்தில் கையை ஊன்றிக்கொண்டு நின்றவளை அவர் கண்டார்.

ஸ்டியரிங்கிலிருந்து அவருடைய இரண்டு கைகளும் விழுந்தன. பிறகு இன்ஜினை அணைத்துவிட்டுச் சாவியை உருவிக்கொண்டு இறங்கினார். அவளிடம் வரவில்லை. சத்தம் கேட்டு ஓய்வறை வாசலுக்கு வந்து கூடியவர்களைப் பார்த்து, டீ டம்ளரோடு நின்ற ரேடியோவைப் பார்த்து நடந்தார்.

"அன்னைக்கு மந்திரி அங்கதான் இருந்துச்சு" என்றார்.

"எந்த மந்திரிய்யா?"

"மச்சானோட மந்திரி. மூலை மந்திரி. ஆட்டம் முழுக்க அங்கதான் இருந்திருக்கு, அவன் அதைத் தொடவே இல்ல. நான்தான் பார்க்கல. எனக்கு இந்தப் பக்கம் எதுவுமே தெரியறதில்ல, சார். இப்ப என் பெண்டாட்டி மேலயே வண்டியை விட்டேன்."

ஒருவரும் வாயைத் திறக்கவில்லை. ரேடியோகூடத் திறக்கவில்லை. ஓட்டுநர் கையிலிருந்த சாவியை நீட்டினார்.

"இனிமே இதை எனக்குக் கொடுக்காதீங்க" என்றவர், யாரையோ தேடுகிற மாதிரி முகத்தைத் தூக்கினார். "மச்சான் எங்க? மச்சான் கையில கொடுக்கறேன். அவன் எங்க போயிட்டான்?"

தம்பி அவருக்கு இடது பக்கம், கை நீட்டினால் தொடுகிற தூரத்தில் நின்றுகொண்டிருந்தான். பதில் சொல்ல வாயெடுத்தவன் சொல்லவில்லை. கண்ணைப் புறங்கையால் துடைத்துக்கொண்டு, அவருக்குப் பின்னால் சுற்றிக்கொண்டு போய், வலது பக்கமாக வந்து நின்றான்.

"இங்க இருக்கேன் மாமா" என்று சாவியை வாங்கிக்கொண்டான்.